உயிரணுவின் தற்காப்பை அறிவிக்கும் ஒளி

கடைகளில் விற்கப்படும் மஞ்சள் குளிகை, நெல்லிப் பொடி, பச்சைத் தேயிலை முதலியவற்றின் உறைகளில் ‘ஆக்சிஜனேற்றத் தடுப்பான்கள் நிறைந்தது’ என்னும் வாசகம் அச்சிடப்பட்டிருப்பதை வாசகர்கள் கண்டிருப்பர். சிற்றூர்களுக்குச் செல்லும் களப்பணியாளரிடமும், வகுப்பில் ஆசிரியரிடமும் அதனைப் பற்றிய வினா எழுவது இயல்பு. ‘இஃது உண்மையா?’ என்று கேட்பவருக்கு ஒரே சொல்லில் விடை கூறுதல் எளிதன்று. அவ்வாசகம் எந்தச் சோதனையை ஆதாரமாகக் கொண்டு எழுதப்பட்டது என்பதைப் பொறுத்தே அதன் பொருள் அமைகிறது. சோதனைக் குழாயில் கண்ட முடிவு ஒன்று. உயிருள்ள உயிரணுவையே கேட்டுப் பெற்ற விடை வேறொன்று. இந்த இரண்டாவது விடையைப் பெறுவதற்கு ஆய்வகங்களில் இன்று கையாளப்படும் கருவியே அறிவிப்பான் உயிரணு. அதன் அமைப்பையும், அது கூறும் செய்தியின் எல்லையையும் இங்குக் காண்போம்.

மைசூருவில் நடந்த ஒரு சோதனை

மத்திய உணவுத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையம் 1950-ஆம் ஆண்டு மைசூரு நகரில் நிறுவப்பெற்றது. மைசூர் அரச குடும்பத்து இளவரசி ஒருவருக்காக எழுப்பப்பட்ட செலுவாம்பா மாளிகையே அதன் இருப்பிடம். எருமைப் பாலினின்று குழந்தை உணவு தயாரிக்கும் முறையை வகுத்தளித்ததனால் அதன் பெயர் நாடெங்கும் பரவிற்று. மசாலைச் சரக்குகளின் வேதியியலும் அங்கு நெடுங்காலமாக ஆராயப்பட்டு வரும் பொருளாகும். அந்நிலையத்தைச் சேர்ந்த ஆராய்ச்சியாளர் இருவர் 1992-ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வொன்று நமது வினாவுக்கு நல்ல தொடக்கமாக அமையும்.

எண்ணெய்ப் பலகாரத்தை நெடுநாள் வைத்திருந்தால் காறல் வாடை வீசுவதை அனைவரும் அறிவோம். எண்ணெயிலுள்ள கொழுப்பு காற்றிலுள்ள ஆக்சிஜனுடன் சங்கிலித் தொடராக வினைபுரிவதே அதற்குக் காரணம். இணையற்ற எலெக்ட்ரான் ஒன்றைத் தாங்கி நிற்கும் நிலையற்ற துணுக்கு ஒன்று தோன்றி, அண்டையிலுள்ள கொழுப்பு மூலக்கூறினின்று தனக்கு வேண்டியதைப் பறித்துக்கொள்கிறது. பறிகொடுத்த மூலக்கூறு அடுத்ததைத் தாக்குகிறது. இத்தகைய துணுக்குகளைத் தனியுறுப்புகள் என்பர். உயிரணுக்களின் சவ்வுகளிலும் கொழுப்பு மிகுதி. ஆதலின் இதே கேடு அவற்றிலும் நிகழக்கூடும். மைசூரு ஆராய்ச்சியாளர் எலியின் கல்லீரலினின்று நுண்ணிய சவ்வுத் துகள்களைப் பிரித்தெடுத்து, அவற்றில் இக்கேட்டைத் தூண்டிவிட்டு, மசாலைச் சரக்குகளின் சாரப் பொருள்களைத் தனித்தனியே சேர்த்துப் பார்த்தனர். மஞ்சளிலுள்ள குர்குமின், கிராம்பிலுள்ள யூஜினால், மிளகாயிலுள்ள காப்சைசின் ஆகியவை அளவுக்கேற்பக் கேட்டைத் தடுத்தன. மிளகின் பைப்பரின், சீரகத்தின் குமினால்டிஹைடு போன்றவை சிறிதளவே பயன்பட்டன. கடைசி வரிசையில் நின்றுவிட்ட மிளகை வாசகர்கள் மறவாதிருக்க வேண்டுகிறேன். அது பின்னர் மீண்டும் வரும்.

இச்சோதனை கேட்ட வினா தெளிவானது: இந்தப் பொருள் சவ்வுக் கொழுப்பின் காறலை நேரே தடுக்குமா? அதற்குக் கிடைத்த விடையும் தெளிவானதே. ஆயின் சவ்வுத் துகள் உயிருள்ள உயிரணு அன்று. தன்மீது தாக்குதல் நிகழ்வதை அறிந்து, புதிய தற்காப்புப் பொருள்களை ஆக்கிக்கொள்ளும் ஆற்றல் அதற்கு இல்லை. உயிருள்ள உயிரணுவோ வெளியிலிருந்து வரும் தடுப்பான்களை எதிர்பார்த்துக் காத்திருப்பதன்று. சூப்பராக்சைடை அழிக்கும் என்சைம், ஹைட்ரஜன் பெராக்சைடைப் பிளக்கும் காட்டலேஸ், கந்தகம் தாங்கிய குளூட்டாதயோன் என்னும் சிறு மூலக்கூறு எனப் பல காவற்பொருள்களை அது தானே உற்பத்தி செய்து வைத்திருக்கிறது. நாம் விழுங்கும் தடுப்பான்களின் அளவு இக்காவலுக்கு முன் மிகச் சிறிது.

இவ்வேறுபாட்டைக் கருதாமையால் நேர்ந்த விளைவு ஏட்டளவில் நின்றதன்று. பீட்டா கரோட்டின் சோதனைக் குழாயில் சிறந்த தடுப்பான். புகைபிடிப்போர்க்கு அதனைக் கொடுத்தால் நுரையீரற் புற்றுநோய் குறையும் என்ற நம்பிக்கையுடன் பின்லாந்தில் 29,133 ஆண்களிடையே சோதனை நடத்தப்பட்டது. 1994-ஆம் ஆண்டு வெளியான முடிவின்படி, அம்மாத்திரையை உட்கொண்டவரிடையே அந்நோய் 18 விழுக்காடு மிகுந்திருந்தது. அமெரிக்காவில் பீட்டா கரோட்டினையும் வைட்டமின் ஏ-யையும் சேர்த்துக் கொடுத்து நடந்த மற்றொரு பெருஞ்சோதனை, 28 விழுக்காடு மிகுதி கண்டமையால் 1996-இல் இடையிலேயே நிறுத்தப்பட்டது. குழாயில் கண்ட நன்மையை உடலுக்கு அப்படியே ஏற்றிச் சொல்லுதல் தீங்காகவும் முடியலாம் என்பதற்கு இவ்விரண்டும் சான்று.

உயிரணுவினுள் அமைந்த விசை

உயிரணு தன் காவலை எவ்வாறு பெருக்கிக்கொள்கிறது? 1990-க்குப் பின் வந்த பத்தாண்டுகளில் இதற்கு விடை கிடைத்தது. தற்காப்பு என்சைம்களை ஆக்கும் மரபணுக்களின் முற்பகுதியில் குறிப்பிட்ட எழுத்தொழுங்கு ஒன்று இருப்பது முதலில் புலனாயிற்று. டி.என்.ஏ.யின் நான்கு எழுத்துகளில் டி, ஜி, ஏ, சி என்னும் வரிசையும், பின்னர் எவையேனும் மூன்று எழுத்துகளும், இறுதியில் ஜி, சி என்பனவும் அமைந்ததே அதன் உட்கரு. அதனைத் தடுப்பான் மறுமொழிக் கூறு என்று கூறலாம். இனிச் சுருக்கமாக மறுமொழிக் கூறு என்போம். இக்கூறின்மேல் வந்தமர்ந்து மரபணுவை இயக்கும் புரதம் நர்ஃப்-2 என வழங்கப்படுகிறது. 1994-இல் அதனைக் கண்டறிந்தோர் தேடியது தற்காப்பு வழியை அன்று. குருதிச் சிவப்புப் பொருளின் மரபணுவை ஆளும் புரதங்களைத் தேடியபோது அது அவர்கள் கையில் அகப்பட்டது. தற்காப்பு மரபணுக்களை எழுப்புவது அதுவே என்பதை 1997-இல் ஜப்பானிய ஆராய்ச்சியாளர் நிறுவினர். அதனைக் கட்டுப்படுத்தும் கீப்-1 என்னும் புரதத்தையும் 1999-இல் அவர்களே வெளிப்படுத்தினர்.

இவ்விரு புரதங்களின் உறவு விந்தையானது. அமைதியான காலத்தில் உயிரணு நர்ஃப்-2-ஐ இடைவிடாது ஆக்குகிறது. ஆக்கியதை இடைவிடாது அழிக்கவும் செய்கிறது. கீப்-1 அதனைப் பற்றி அழிவுக்கு அடையாளமிட்டு அனுப்புகிறது. ஆக்கப்பட்ட நர்ஃப்-2-இல் பாதி ஏறத்தாழ 20 நிமிடங்களுக்குள் மறைந்துவிடும். வீண் செலவாகத் தோன்றும் இவ்வேற்பாட்டின் பயன் விரைவு. ஆபத்து வரும்போது புதிதாக ஆக்கத் தொடங்க வேண்டுவதில்லை. அழிப்பதை நிறுத்தினால் போதும்.

மனிதனின் கீப்-1 புரதத்தில் கந்தகம் தாங்கிய சிஸ்டீன் என்னும் அமினோ அமிலம் 27 இடங்களில் அமைந்துள்ளது. எலெக்ட்ரானை நாடும் தன்மையுள்ள வேதிப்பொருள் ஒன்று உயிரணுவினுள் புகுந்தால், இக்கந்தகங்களில் சில அதனுடன் பிணைகின்றன. 151-ஆம் இடத்துச் சிஸ்டீன் இவற்றுள் முக்கியமானது. கந்தகம் தாக்குண்டவுடன் கீப்-1 தன் பணியில் தவறுகிறது. நர்ஃப்-2 அழியாது பெருகி, உட்கருவினுள் சென்று, மறுமொழிக் கூறுகளில் அமர்கிறது. குளூட்டாதயோனை ஆக்கும் என்சைம், குயினோன் பொருள்களைச் செயலிழக்கச் செய்யும் என்சைம், ஹீம் ஆக்சிஜனேஸ் முதலிய நூற்றுக்கணக்கான பொருள்களின் மரபணுக்கள் விழித்தெழுகின்றன.

இந்த விழிப்பை அளப்பதற்கு முன்னர் என்சைம்களையே நேரே மதிப்பிட வேண்டியிருந்தது. அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் பால் தலாலேயின் குழுவினர் எலியின் கல்லீரற் கட்டி உயிரணுக்களில் குயினோன் என்சைமின் பெருக்கத்தை அளந்தே, பச்சைப் பூக்கோசாகிய பிராக்கொலியினின்று சல்ஃபொராஃபேன் என்னும் பொருளை 1992-இல் பிரித்தெடுத்தனர். கடுகின் காரத்துக்குக் காரணமான பொருளும், முருங்கையிலுள்ள பொருள்கள் சிலவும் அதே இனத்தைச் சேர்ந்தவை. என்சைமை அளக்கும் முறை நம்பத் தக்கதே. எனினும் அது ஒரு மரபணுவின் விளைவை மட்டும் காட்டிற்று. விசை திரும்பியதா என்பதை நேரே காட்டும் அடையாளம் ஒன்று தேவைப்பட்டது.

மின்மினியிடம் பெற்ற கடன்

அவ்வடையாளத்தைத் தந்தது மின்மினிப் பூச்சி. அதன் உடலில் லூசிஃபெரின் என்னும் பொருள் ஆக்சிஜனுடன் கூடுகையில் மஞ்சள் கலந்த பச்சை ஒளி பிறக்கிறது. இதனை நிகழ்த்தும் என்சைம் லூசிஃபெரேஸ். உயிரணுக்களின் ஆற்றற் பொருளாகிய ஏ.டி.பி. இன்றி இவ்வொளி தோன்றாது என்பதை 1947-இல் வில்லியம் மெக்எல்ராய் நிறுவினார். ஆராய்ச்சிக்குப் பல்லாயிரம் மின்மினிகள் வேண்டியிருந்தமையால், பால்டிமோர் நகரச் சிறுவர்களுக்கு நூறு பூச்சிக்கு 25 சென்ட் வீதம் கொடுத்து அவர் அவற்றைத் திரட்டினார். 1985-இல் இவ்வென்சைமின் மரபணு பிரித்தெடுக்கப்பட்டது. மறு ஆண்டு அது புகையிலைச் செடியினுள் புகுத்தப்பட்டுச் செடி ஒளிர்ந்தது. 1987-இல் பாலூட்டிகளின் உயிரணுக்களிலும் அது தொழிற்படுவது காட்டப்பட்டது. இனிப் பூச்சி பிடிக்கச் சிறுவர்கள் வேண்டியிருக்கவில்லை.

மறுமொழிக் கூறு சிலவற்றை வரிசையாகத் தொடுத்து, அவற்றின் பின்னே லூசிஃபெரேஸ் மரபணுவை இணைத்து, அத்தொடரை மனித உயிரணு ஒன்றின் டி.என்.ஏ.யில் நிலையாகப் பதித்துவிட்டால் அறிவிப்பான் உயிரணு உருவாகிறது. நர்ஃப்-2 உட்கருவுக்கு வந்தால் தற்காப்பு மரபணுக்களை எழுப்புவதோடு இந்த ஒட்டு மரபணுவையும் எழுப்பும். உயிரணு லூசிஃபெரேசை ஆக்கும். லூசிஃபெரினைச் சேர்த்தால் ஒளி தோன்றும். அவ்வுயிரணு பிரிந்து பெருகும்போது வழித்தோன்றல்கள் அனைத்தும் அதே பதிவைப் பெறுகின்றன. இவ்வாறு தலைமுறை தலைமுறையாக ஆய்வகத்தில் பேணப்படும் ஒரே வழி உயிரணுக்களை விஞ்ஞானிகள் ‘செல் லைன்’ என்பர். உயிரணுக் கால்வழி என்று இங்குக் குறித்துள்ளேன். ‘ரிப்போர்ட்டர்’ என்பதற்கு நிருபர் என்னும் சொல் ஒரு கணம் மனத்தில் வந்ததையும் மறைப்பதற்கில்லை. நிருபர் செய்தியோடு தம் கருத்தையும் சேர்த்து எழுதக்கூடும். இவ்வுயிரணுவுக்கு அவ்வுரிமை இல்லை. ஊரில் தண்டோராப் போடுபவனே இதற்கு நெருங்கிய உவமை. ஆணையை இயற்றுபவனும் அவன் அல்லன், நிறைவேற்றுபவனும் அல்லன். ஆணை பிறந்தது என்பதை அறிவிப்பதே அவன் பணி.

இவ்வகைக் கால்வழிகளுள் பெயர் பெற்றது 2006-இல் ஸ்காட்லாந்தின் டண்டி பல்கலைக்கழகத்தில் ஆக்கப்பட்டது. மார்பகப் புற்றுநோயினின்று பெறப்பட்ட எம்.சி.எஃப்.-7 என்னும் மனித உயிரணுக்களில், எலியின் மரபணு ஒன்றினின்று எடுத்த மறுமொழிக் கூறின் எட்டுப் படிகளையும் லூசிஃபெரேசையும் அவ்வாராய்ச்சியாளர் பதித்தனர். சோதனை செய்யும் முறை கடினமானதன்று. 96 குழிகள் கொண்ட சிறு தட்டில் உயிரணுக்களை இட்டு, ஆராய வேண்டிய பொருளைக் குழிக்குக் குழி அளவு மாற்றிச் சேர்ப்பர். ஒரு நாளோ இரு நாளோ 37 பாகை வெப்பத்தில் வைத்திருந்து, லூசிஃபெரின் சேர்த்து, ஒளிமானியில் அளப்பர். பொருள் சேராத குழியின் ஒளியை ஒன்றாகக் கொண்டால், மற்றவை எத்தனை மடங்கு என்பது தெரிந்துவிடும். நூற்றுக்கணக்கான இலைச்சாறுகளை ஒரே வாரத்தில் ஆராய்வதற்கும் இம்முறை இடந்தருகிறது.

ஒளி என்ன கூறுகிறது?

முறையினும் அதன் விடையைப் படிப்பதே கடினம். சமையல் எண்ணெய் காறாதிருக்க மிகக் குறைந்த அளவில் சேர்க்கப்படும் டெர்ஷியரி பியூட்டைல் ஹைட்ரோகுயினோன் என்னும் பொருளை எடுத்துக்கொள்வோம். எண்ணெயில் அது தனியுறுப்புகளை அணைக்கும் தடுப்பான். அறிவிப்பான் உயிரணுவில் சேர்த்தால் அது வலுவான ஒளியைத் தருகிறது. புதிய கால்வழிகளைச் சோதித்துப் பார்ப்பதற்கு ஆய்வகங்கள் அதனையே அளவுகோலாக வைத்திருக்கின்றன. தடுப்பான் ஆதலால்தான் ஒளி பிறந்தது என்று எண்ணத் தோன்றும். உண்மை அதற்கு மாறானது. உயிரணுவினுள் அப்பொருள் ஆக்சிஜனேற்றமடைந்து குயினோனாக மாறுகிறது. அக்குயினோனே கீப்-1-இன் கந்தகத்தைத் தாக்குகிறது. தடுப்பானாக இருந்ததனால் அன்று, தாக்குபொருளாக மாறியதனாலேயே அது விசையைத் திருப்பிற்று. சல்ஃபொராஃபேனும் இவ்வாறு கந்தகத்தைத் தாக்கும் இனத்ததே. குர்குமினும் நர்ஃப்-2 வழியாக ஹீம் ஆக்சிஜனேஸ் மரபணுவை எழுப்புகிறது என்பது 2003-இல் வெளியான ஆய்வொன்றால் அறியப்பட்டது. அதன் மூலக்கூறிலும் கந்தகத்தோடு பிணையும் இடம் உண்டு.

இதனை உறுதிப்படுத்தும் எளிய சோதனை ஒன்றுண்டு. பாரசிட்டமால் மிகைப்பட்டு நஞ்சானவர்க்கு மருத்துவர் கொடுக்கும் என்-அசிட்டைல் சிஸ்டீன் என்னும் பொருள் தானே கந்தகம் தாங்கியது. நல்ல தடுப்பானும் ஆகும். அதனை முதலில் உயிரணுக்களுக்கு ஊட்டிப் பின்னர் இத்தகைய தூண்டுபொருளைச் சேர்த்தால் ஒளி மங்குகிறது. தாக்குபொருளைக் கீப்-1-ஐ அடையவிடாது அது தாங்கிக்கொள்வதே காரணம். தடுப்பானைச் சேர்த்தால் ‘தடுப்பான்’ ஒளி குறைகிறது! பெயரை மட்டும் நம்புவோரை இம்முடிவு திகைக்க வைக்கும். அறிவிப்பான் உயிரணுவின் ஒளி, ‘நான் காக்கப்பட்டேன்’ என்று கூறுவதில்லை. ‘என்னை ஒன்று தீண்டிற்று, நான் விழித்துக்கொண்டேன்’ என்பதே அதன் செய்தி.

ஆகவே இதே ஒளியை வேறொரு துறையினர் எச்சரிக்கையாகப் படிப்பதில் வியப்பில்லை. தோலில் ஒவ்வாமை விளைக்கும் பொருள்களிற் பல, தோலின் புரதங்களோடு இவ்வாறே பிணைவன. மனிதத் தோலின் உயிரணுக் கால்வழி ஒன்றில் மறுமொழிக் கூறும் லூசிஃபெரேசும் பதிக்கப்பட்டு, அதனைக் கொண்டு ஒவ்வாமைப் பொருள்களைக் கண்டறியும் முறையைப் பொருளாதார ஒத்துழைப்பு வளர்ச்சி அமைப்பு 2015-இல் சோதனை நெறியாக ஏற்றது. பொருளை 12 அளவுகளில் 48 மணி நேரம் வைத்திருத்தல் வேண்டும். ஒளி ஒன்றரை மடங்குக்கு மேல் உயர்ந்து, அவ்வளவில் 70 விழுக்காட்டுக்கு மேற்பட்ட உயிரணுக்கள் உயிரோடிருந்தால் ஐயத்துக்குரிய பொருள் என்று கொள்வர். தனியே இச்சோதனை ஒன்றை மட்டும் வைத்துத் தீர்ப்பளிப்பதில்லை. ஒவ்வொரு முறையும் உயிரணுக்கள் சரியாக விடையிறுக்கின்றனவா என்று பார்க்க ஒப்புப் பொருளாக வைக்கப்படுவது யாது தெரியுமா? இலவங்கப் பட்டையின் மணத்துக்குக் காரணமான சின்னமால்டிஹைடு. உணவாராய்ச்சியாளர் நற்சான்றாகக் காணக்கூடிய ஒளியைத் தோலாராய்ச்சியாளர் குற்றச்சாட்டாகக் காண்கிறார். பொருளும் ஒன்றே, வேதிவினையும் ஒன்றே. அளவும் இடமும் மாறுகின்றன. சோற்றில் கலந்த பட்டை வேறு, தோலில் பூசிய அதன் செறிந்த எண்ணெய் வேறு. அழகுப் பொருள்களை விலங்குகள்மீது சோதிப்பதை இந்தியா 2014-இல் தடை செய்தமையால், இத்தகைய உயிரணுச் சோதனைகளின் தேவை நம் நாட்டிலும் கூடியுள்ளது.

ஏமாற்றும் இடங்கள்

ஒளி தவறாகவும் கூடும். நச்சுப் பொருளால் உயிரணுக்கள் மடிந்தால் ஒளி குறையும். விசை திரும்பவில்லை என்று அதனைத் தவறாகப் படிக்கலாம். ஆதலின் மற்றொரு தட்டில் உயிருள்ள அணுக்களின் விழுக்காட்டைச் சாயத்தால் கண்டறிதல் கட்டாயம். உயிருள்ளவை மஞ்சள் சாயத்தை ஊதாவாக்கும், மடிந்தவை ஆக்கா. சில பொருள்கள் லூசிஃபெரேசையே முடக்கிவிடுகின்றன. திராட்சைத் தோலிலும் நிலக்கடலையிலும் உள்ள ரெஸ்வெராட்ரால் அத்தகையது என்பது 2006-இல் அறிவிக்கப்பட்டது. அப்பொருள் விசையைத் திருப்பியிருப்பினும் தண்டோராக்காரனின் வாயை அது கட்டிவிடலாம். குர்குமின் தானே ஒளிரும் பொருள் ஆதலால், பச்சை ஒளிர்புரதத்தை அடையாளமாகக் கொண்ட கால்வழிகளில் குழப்பம் விளைக்கும். ஆகவே தேர்ந்த ஆராய்ச்சியாளர் ஒளியை மட்டும் கொண்டு அமைவதில்லை. மறுமொழிக் கூறு சிதைக்கப்பட்ட கால்வழியிலும் அதே பொருளைச் சேர்த்து, அங்கு ஒளி எழவில்லை என்பதைக் காண்பர். பின்னர் உண்மையான தற்காப்பு என்சைம்கள் பெருகினவா என்றும் அளப்பர். இவ்விரண்டும் இல்லாத அறிக்கையை ஐயத்தோடு படிப்பதே முறை.

குர்குமினுக்கு மேலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. சீரம் சேராத, உடலின் காரநிலையை ஒத்த கரைசலில் 37 பாகை வெப்பத்தில் அரை மணி நேரத்துக்குள் அதில் ஏறத்தாழ 90 விழுக்காடு சிதைந்துவிடுகிறது என்று 1997-இல் வெளியான ஆய்வு காட்டிற்று. சீரம் சேர்ந்த ஊடகத்தில் சிதைவு மெதுவாக நிகழும். எட்டு மணி நேரத்தில் ஏறத்தாழப் பாதி எஞ்சும். இரு நாள் கழித்து நாம் அளக்கும் ஒளி குர்குமினால் எழுந்ததா, அதன் சிதைவுப் பொருள்களால் எழுந்ததா என்ற வினாவைத் தவிர்க்க இயலாது.

தட்டிலிருந்து மனித உடலுக்குச் செல்லும் வழியில் இன்னொரு கதவும் உண்டு. உயிரணுத் தட்டில் பொருள் நேரே ஊற்றப்படுகிறது. உண்டதோ குடலையும் கல்லீரலையும் கடந்து குருதியை அடைய வேண்டும். பெங்களூருவில் 1998-இல் வெளியிடப்பட்ட ஆய்வில், இரண்டு கிராம் குர்குமினைத் தனியே உண்டவர்களின் குருதியில் அது காணப்படவில்லை, அல்லது மிகமிகக் குறைவாகவே காணப்பட்டது. அத்துடன் 20 மில்லிகிராம் பைப்பரினைச் சேர்த்துக் கொடுத்தபோது குருதியை அடையும் அளவு 2000 விழுக்காடு உயர்ந்தது. மைசூருவின் சவ்வுச் சோதனையில் கடைசி வரிசையில் நின்ற அதே மிளகுச் சாரம் இது! காறலைத் தடுப்பதில் அதற்குப் பெருந்திறன் இல்லை. ஆயின் மஞ்சளின் சாரத்தை உடல் விரைந்து மாற்றி வெளியேற்றுவதை அது தாமதப்படுத்துகிறது. இரு ஆய்வுகளும் உண்மையே. கேட்ட வினாக்களே வேறு. மிளகு, சில மருந்துகளை உடல் வெளியேற்றுவதையும் இவ்வாறே தாமதப்படுத்தக்கூடும் ஆதலின், செறிந்த மஞ்சள்–மிளகுக் குளிகைகளை நாள்தோறும் உண்போர், வேறு மருந்து உட்கொள்பவராயின், மருத்துவரிடம் அதனைத் தெரிவித்தல் நலம். குழம்பில் இடும் மஞ்சளுக்கும் மிளகுக்கும் இவ்வெச்சரிக்கை பொருந்தாது.

விசை எந்நேரமும் திறந்திருப்பதும் நன்மையன்று. நுரையீரற் புற்றுநோய்க் கட்டிகள் சிலவற்றில் கீப்-1 மரபணு பழுதுபட்டிருப்பது 2006-இல் வெளிப்பட்டது. அக்கட்டிகளில் நர்ஃப்-2 கட்டுப்பாடின்றி நிலைத்திருந்து, புற்றுநோய் உயிரணுக்களையே மருந்தினின்று காக்கிறது. உடலின் காவற்படை எதிரியின் கோட்டையைக் காப்பது போன்றது இது. எனவே ‘உயிரணுவில் நர்ஃப்-2-ஐப் பன்மடங்கு தூண்டும்’ என்று விளம்பரம் ஒன்று கூறுமாயின், அது பெருமைக்குரிய செய்தி என்று கொள்வதற்கு முன் எத்தகைய உயிரணுவில், எவ்வளவில், எவ்வளவு காலம் என்று கேட்டறிதல் வேண்டும். சந்தையில் அல்லது பெற்றோர் கூட்டத்தில் களப்பணியாளரிடம் கேட்கப்படும் வினாவுக்கும் இதுவே நேர்மையான விடைமுறை: குழாய்ச் சோதனையா, உயிரணுச் சோதனையா, மனிதரிடம் நடந்த சோதனையா என்பதை முதலில் பிரித்துக் காட்டலாம். மனிதரிடம் நடந்ததாயின் அவர்கள் உண்ட அளவையும், குளிகையின் அளவையும் ஒப்பிட்டுச் சொல்லலாம்.

பள்ளியில் காட்டத் தக்கது

உயிரணுக் கால்வழிகளைப் பேணி ஆராய்ச்சியாளருக்கு வழங்கும் பணியைப் புணேயிலுள்ள தேசிய உயிரணு அறிவியல் மையம் செய்து வருகிறது. மரபணு மாற்றப்பட்ட உயிரணுக்களைக் கையாளுதல், 1986-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் 1989-இல் பிறப்பிக்கப்பட்ட விதிகளுக்கு உட்பட்டது. நிறுவனத்தின் உயிரியற் பாதுகாப்புக் குழுவின் பார்வையின்கீழ் அல்லாது அவற்றை வைத்திருத்தல் கூடாது. ஆகவே அறிவிப்பான் உயிரணுவைப் பள்ளிக்குக் கொண்டுவருதல் இயலாது. உயிரணுவுக்குத் தன் காவல் தானே உண்டு என்பதை மட்டும் வகுப்பில் கண்ணாற் காட்டலாம்.

மருந்துக் கடையில் கிடைக்கும் 3 விழுக்காடு ஹைட்ரஜன் பெராக்சைடு கரைசலை இரு கண்ணாடிக் குவளைகளில் சிறிதளவு ஊற்றுக. கண்ணிலும் கையிலும் தெறிக்காதவாறு ஆசிரியரே இதனைச் செய்தல் வேண்டும். ஒரு குவளையில் தோல் சீவிய பச்சை உருளைக்கிழங்குத் துண்டு ஒன்றை இடுக. சிறிது நேரத்தில் நுரை பொங்கி எழும். கிழங்கின் உயிரணுக்களிலுள்ள காட்டலேஸ், பெராக்சைடை நீராகவும் ஆக்சிஜனாகவும் பிளப்பதே அந்நுரை. கனன்று கொண்டிருக்கும் தீக்குச்சியின் முனையை நுரைக்கு அருகே பிடித்தால் அது மேலும் ஒளிர்ந்து எரியும். மற்றொரு குவளையில், அதே அளவான துண்டைப் பத்து நிமிடம் நன்கு வேகவைத்து ஆறவிட்டு இடுக. அதில் நுரை எழாது. வைட்டமின்களிற் சில வெந்த கிழங்கிலும் எஞ்சியிருக்கும். வெப்பத்தால் குலைந்தது என்சைமே. எந்தத் துண்டு வெந்தது, எது வேகாதது என்பதைக் கூறாமல் இரு குவளைகளையும் மாணவர் முன் வைத்து, காரணத்தை அவர்களையே எழுதச் செய்தல் நன்று.